லூபஸும் எதிர்ப்பு சக்திக் கஷாயமும்

லூபஸ் என்பது நோயை எதிர்க்க வேண்டிய மண்டலம் தன் உடலையே பகையாகக் கருதித் தாக்கும் நோய். பத்து நோயாளிகளில் ஏறக்குறைய ஒன்பது பேர் பெண்கள், அதுவும் பெரும்பாலும் பிள்ளை பெறும் வயதில் இருப்பவர்கள். கன்னம் இரண்டிலும் வண்ணத்துப்பூச்சி இறகு விரித்ததுபோல் சிவப்பு படரும். காய்ச்சல் விட்டு விட்டு அடிக்கும், முடி கொத்தாக உதிரும், வாயில் புண் வரும். தென்காசி மாவட்டத்தில் பீடித்தட்டை மடியில் வைத்து உட்காரும் ஒரு பெண்ணுக்கு, காலையில் இலையை மடிக்க விரல் வளையவே ஒரு மணி நேரம் பிடிக்கும். மேலநீலிதநல்லூரிலும் சரி, சென்னையிலும் சரி, இதற்கு அக்கம்பக்கம் சொல்லும் காரணம் ஒன்றுதான்: “உடம்புல எதிர்ப்பு சக்தி கொறஞ்சு போச்சு.” சொல்லும் வைத்தியம், சக்தியைக் கூட்டுவது. இது தலைகீழான தவறு. இதை நம்பிக் காலம் கடத்தும் இளம்பெண்கள் சிறுநீரகத்தை இழக்கிறார்கள்.

உடலில் அன்றாடம் கோடிக்கணக்கான செல்கள் சாகின்றன. அந்தக் குப்பை சத்தமில்லாமல் அகற்றப்பட வேண்டும். லூபஸில் அது தேங்குகிறது. செல்லின் கருவுக்குள் இருந்த டி.என்.ஏ. வெளியே கிடக்க, எதிர்ப்பு மண்டலம் அதை வைரஸ் என்று எண்ணிக்கொள்கிறது. இன்டர்ஃபெரான் என்ற எச்சரிக்கைப் புரதம் பெருகுகிறது, சொந்த டி.என்.ஏ.வுக்கு எதிராகவே ஆன்டிபாடிகள் உருவாகின்றன. இவை கொத்துக் கொத்தாகச் சிறுநீரகத்தின் நுண்வடிகட்டிகளில் சிக்கி அங்கே அழற்சியை மூட்டுகின்றன. 1948-ல் அமெரிக்காவின் மேயோ கிளினிக்கில் ஹார்கிரேவ்ஸும் உடன் பணியாற்றியவர்களும் லூபஸ் நோயாளிகளின் எலும்பு மஜ்ஜையில் ஒரு வெள்ளணுவைக் கண்டார்கள். இன்னொரு செல்லின் கருவை விழுங்கி அது உப்பியிருந்தது. இன்று, கருவுக்கு எதிரான ஆன்டிபாடிகளைத் தேடும் ஏ.என்.ஏ. பரிசோதனையில் நோயாளியின் ரத்தநீரைச் செல்களின்மேல் ஊற்றி, சாயமிட்டு நுண்ணோக்கியில் பார்த்தால் கருக்கள் பச்சையாக ஒளிர்கின்றன. நலமாக இருப்பவர் சிலருக்கும் அப்படி ஒளிரும் என்பதால் அதை மட்டும் வைத்து லூபஸ் என்று முடிவு கட்டுவதில்லை. ஆனால் சக்தி வற்றிய உடலின் அடையாளம் அல்ல அது.

காரணம் ஒன்றல்ல. பல மரபணுக்கள் சேர்ந்து இடம் கொடுக்கின்றன. பெண் ஹார்மோன், எப்ஸ்டீன்-பார் போன்ற வைரஸ்கள், சில மருந்துகள் தூண்டுகின்றன. எல்லாவற்றிலும் கண்கூடானது வெயில். புற ஊதாக் கதிர் தோல் செல்களைக் கொன்று கருவின் குப்பையைக் கூட்டுகிறது. நூறு நாள் வேலைக்குப் போய் உச்சி வெயிலில் மண் சுமக்கும் பெண்ணுக்கு மறுநாளே முகம் கனன்று சிவக்கும்.

எதிர்க்கருத்துக்கு இடமே இல்லையா என்றால், ஒரு சிறு இடம் உண்டு. சி1கியூ என்ற புரதம் பிறவியிலேயே இல்லாதவர்களில் பெரும்பாலோருக்கு லூபஸ் வருகிறது. அவர்களிடம் உண்மையாகவே ஒரு குறை இருக்கிறது. ஆனால் குறைந்திருப்பது குப்பை அள்ளும் புரதம். எந்தக் கஷாயமும் அதை உண்டாக்காது. இவர்கள் மிக அரியவர்களும்கூட.

சக்தி கூட்டும் சரக்குகள் வெறும் வீண்செலவோடு நிற்பதில்லை. கொரோனா காலத்தில் வீட்டுக்கு வீடு சீந்தில் குடித்தார்கள். 2020-ன் கடைசி மாதங்களில் மும்பையில் சீந்தில் குடித்த 6 பேருக்குக் கல்லீரல் கெட்டது. திசுவை எடுத்துப் பார்த்தபோது, தன்னுடல் தாக்கு நோயில் கெடும் கல்லீரலைப் போலவே இருந்தது. ஆயுஷ் அமைச்சகம் மறுத்தது. வேறு கொடியாக இருக்கலாம் என்றது. 2022-ல் பல மருத்துவமனைகள் சேர்ந்து மேலும் 43 பேரைப் பதிவு செய்தன. குதிரைமசாலும் அப்படித்தான். அல்ஃபால்ஃபா என்ற பெயரில் சத்துப்பொருளாக விற்கப்படும் இந்தத் தீவனப் பயிரின் முளையைத் தின்ற குரங்குகளுக்கு லூபஸ் போன்ற நோய் கண்டதை 1982-ல் ஆய்வாளர்கள் வெளியிட்டார்கள்.

அப்படியிருந்தும் இந்த நம்பிக்கை நிலைப்பதற்குக் காரணம் நோயின் போக்கு. லூபஸ் எழும், தணியும், மீண்டும் எழும். சங்கரன்கோவில் சங்கரநாராயணர் கோயிலில் புற்றுமண் வாங்கித் தண்ணீரில் குழைத்துக் கன்னத்தில் பூசுவது இந்த வட்டாரத்தின் பழைய வழக்கம். வழிபாடு அவரவர் உரிமை. ஆனால் பூசிய பதினைந்தாம் நாள் சிவப்பு மங்கினால், அது தானாக மங்கும் நாளாகவும் இருந்திருக்கலாம். தணிந்த பெருமை கடைசியாகச் செய்த வைத்தியத்துக்குப் போய்ச் சேர்கிறது. மறுபடி எழுந்தால் பழி பத்தியத்தின்மேல் விழுகிறது. முகம் தெளிந்திருக்கும் அதே மாதத்தில் சிறுநீரகம் உள்ளுக்குள் கெட்டுக்கொண்டிருக்கலாம். அதற்கு வலி கிடையாது. சிறுநீரில் நுரை அடங்காமல் நிற்கும், காலையில் இமை வீங்கும், அவ்வளவுதான்.

சிகிச்சையின் திசை நேர் எதிர்: தறிகெட்ட தாக்குதலை அடக்குவது. ஸ்டீராய்டு பரவலானதும் 1950-களில்தான், ஹைட்ராக்சிகுளோரோகுயின் மாத்திரை வந்ததும் அப்போதுதான். அந்நாளில் நோய் கண்டவர்களில் பாதிப்பேரே ஐந்தாண்டு தாண்டினார்கள். இன்று நல்ல சிகிச்சை கிடைத்தால் பத்தில் ஒன்பது பேருக்கு மேல் தாண்டுகிறார்கள். சிறுநீரகம் பாதித்தால் மைக்கோபினோலேட், சைக்ளோபாஸ்பமைடு போன்ற மருந்துகள் சேர்கின்றன. இவற்றால் கிருமித்தொற்றுக்கு எதிரான காவல் தளர்வது உண்மை. காசநோய் குறித்த விழிப்பும் தக்க தடுப்பூசிகளும் அதனால் அவசியம். ஸ்டீராய்டால் முகம் உப்பும், சர்க்கரை ஏறும், எலும்பு தேயும். இவற்றுக்குப் பயப்படுவதை யாரும் இகழக் கூடாது. அளவைப் படிப்படியாகக் குறைப்பது மருத்துவரின் கடமை. நாள்பட எடுத்ததைத் திடீரென நிறுத்தினால் ரத்த அழுத்தம் சரிந்து உயிருக்கே ஆபத்து வரும். ஸ்டீராய்டு வேண்டாமென்று ஓடுபவர்கள் போய் வாங்கும் பெயரில்லாத மூட்டுவலிப் பொடிகளில் அதே ஸ்டீராய்டு அளவில்லாமல் கலந்திருப்பது பலமுறை பிடிபட்டிருக்கிறது.

2020 மார்ச்சில் ஹைட்ராக்சிகுளோரோகுயினை கொரோனாத் தடுப்பு என்று ஊரே வாங்கி அடுக்கியபோது, அது அன்றாடம் தேவைப்படும் லூபஸ் நோயாளிகள் கடை கடையாக அலைந்தார்கள். எதிர்ப்பு மண்டலத்தைத் தணிக்கும் மாத்திரை அது. எடைக் கிலோவுக்கு நாளொன்றுக்கு 5 மில்லிகிராமுக்கு மிகாமல், கண் பரிசோதனையோடு, ஆண்டுக்கணக்கில் எடுக்க வேண்டியது. நோய் ஆறு மாதம் அடங்கியிருந்தபின் கருவுறும் பெண்ணும் அதை நிறுத்துவதில்லை. கர்ப்பிணிகளுக்கு ஆரம்ப சுகாதார நிலையத்தில் பார்க்கும் அதே சிறுநீர்ப் புரதப் பரிசோதனை, கன்னம் சிவந்து மூட்டு வலிக்கும் எந்தப் பெண்ணுக்கும் முதல் நாளிலேயே செய்யக்கூடியது.