சீருடை களைந்தபின் கதை யாருக்கு உரியது?

ஓய்வுபெற்ற காவல் அதிகாரிகள் பாதுகாப்பு ஆலோசகர்களாவதும் திரைப்படங்களுக்குக் கதைப்பொருள் தருவதும் பெங்களூருவில் இப்போது செய்தியே அல்ல. தனியார் பாதுகாப்பு முகமைகள் குறித்த 2005ஆம் ஆண்டுச் சட்டமே, காவலாளிகளை அமர்த்துகையில் முன்னாள் படையினருக்கும் காவல்துறையினருக்கும் முன்னுரிமை தரலாம் என்கிறது. ஓய்வுக்குப் பின் ஒருவர் உழைத்துப் பொருளீட்டுவதில் எனக்கு மறுப்பில்லை. என் கேள்வி திரையைப் பற்றியது.

வீரப்பன் வேட்டையை எடுத்துக்கொள்வோம். 2004 அக்டோபர் 18 அன்று அந்த வேட்டையை முடித்த தமிழக அதிரடிப்படையின் தலைவர் கே. விஜயகுமார், பின்னர் மத்திய ரிசர்வ் காவல் படையின் தலைமை இயக்குநரானார். ஓய்வுக்குப் பின் உள்துறை அமைச்சகத்துக்குப் பாதுகாப்பு ஆலோசகரானார். 2013இல் கன்னடத்தில் ‘அட்டஹாச’, தமிழில் ‘வனயுத்தம்’ என வெளிவந்த படத்தில் அவர் பாத்திரத்தை அர்ஜுன் ஏற்றார். 2017இல் அவரே நூலும் எழுதினார். இடையில், 2016இல் ‘கில்லிங் வீரப்பன்’. அதில் காவல் அதிகாரியாக நடித்தவர் சிவராஜ்குமார். அவர் தந்தை ராஜ்குமாரைத்தான் 2000 ஜூலை 30 அன்று கடத்தி, 108 நாள்கள் காட்டில் வைத்திருந்தான் வீரப்பன். மகனே திரையில் கணக்குத் தீர்க்கும்போது, பெங்களூருத் திரையரங்கில் வேறெந்தச் சாட்சியின் குரல் எடுபடும்?

சாட்சிகள் இல்லாமலில்லை. தேசிய மனித உரிமை ஆணையம் அமைத்த நீதிபதி சதாசிவா குழுவின்முன் மலைக்கிராம மக்கள் வந்து நின்றார்கள். 2007இல் 89 பேருக்கு 2.80 கோடி ரூபாய் இழப்பீடு பரிந்துரைக்கப்பட்டது. ச. பாலமுருகனின் ‘சோளகர் தொட்டி’ படித்தவர்களுக்கு அந்தத் தொகை எதற்கானது என்று நான் விளக்க வேண்டியதில்லை. 2023இல் வந்த நெட்ஃபிளிக்ஸ் ஆவணத்தொடர் முத்துலட்சுமியையும் பேசவைத்தது. அந்த அளவில் அது மேல்.

வழக்கு நாட்குறிப்பைக் கேட்டுப்பெறும் உரிமை நம் குற்றவியல் நடைமுறையில் குற்றஞ்சாட்டப்பட்டவருக்கே கிடையாது. அதிகாரி தம் நினைவைப் புதுப்பித்துக்கொள்ள அதைப் பயன்படுத்தினால் மட்டும், குறுக்கு விசாரணையின் பொருட்டு ஓரளவு விலக்கு உண்டு. திரையிலும் அதிகாரி நினைவைப் புதுப்பிக்கிறார். ஆனால் அங்கே குறுக்கு விசாரணை இல்லை. ஆய்வு மாணவருக்கு மூடிய கோப்பு, தயாரிப்பாளருக்கு அதிகாரியின் நினைவு வழியே திறந்துகொள்கிறது. பொதுச்செலவில், பொது அதிகாரத்தின் துணையோடு திரட்டிய அறிவு இவ்வாறுதான் தனியுடைமையாகிறது.

அதற்காக அவர்களின் வாயைக் கட்டச் சொல்லவில்லை. உளவு, பாதுகாப்பு அமைப்புகளில் பணியாற்றியோர் முன்னனுமதியின்றி அத்துறை பற்றி எழுதக்கூடாதென ஒன்றிய அரசு 2021இல் ஓய்வூதிய விதிகளைத் திருத்தியது. அத்திருத்தம் அதிகாரியை ஊமையாக்கும். ஒரு கோப்பையும் எங்களுக்குத் திறந்து தராது. (நூலெழுதும் அதிகாரியைக் குறைந்தபட்சம் மேற்கோள் காட்டி மறுக்கலாம். படத்தின் ‘உண்மைச் சம்பவம்’ என்ற அறிவிப்பை எப்படி மறுப்பது?)

அதிரடிப்படையின் கோப்புகளையும் குழுவின்முன் பதிவான சாட்சியங்களையும் சென்னை, பெங்களூரு ஆவணக் காப்பகங்களுக்கு மாற்றி, பாதிக்கப்பட்டோரின் பெயர்களை மறைத்து ஆய்வாளர்களுக்குத் திறக்க வேண்டும். இரு மாநிலப் பல்கலைக்கழகங்களின் வரலாற்றுத் துறைகளும் சேர்ந்து கேட்டால் மறுப்பது எளிதல்ல. வரைவுக் கடிதம் ஒன்று எழுதியிருக்கிறேன். கையொப்பமிட விரும்பும் ஆசிரியர்களும் மாணவர்களும் தெரிவியுங்கள்.