ஹைதி ஓவியர்களுக்குப் பள்ளிக்கூடம் இருந்தது

அருங்காட்சியகங்களில் ஹைதி நாட்டு ஓவியங்களுக்குப் பக்கத்தில் ஒட்டப்படும் அட்டைகளில் நெடுங்காலம் ‘வெகுளி ஓவியம்’, ‘ஆதிமனிதக் கலை’ என்ற சொற்கள் இருந்தன. இன்று ‘தாமாகவே கற்றவர்’ என்று கொஞ்சம் மரியாதை கூட்டி எழுதுகிறார்கள். அதுவும் தவறுதான். ஹைதியின் மிகப் பெரிய ஓவியராகப் போற்றப்படும் எக்தோர் இப்போலித் வோடு சமயத்தின் பூசாரி. பூசாரிக் குடும்பத்தில் மூன்றாம் தலைமுறை. எந்தத் தெய்வத்துக்கு எந்த நிறம், எந்தக் குறி என்பதையெல்லாம் கோயிலிலேயே கற்றுத் தேறியவர்.

வோடு என்றதும் ஊசி குத்திய பொம்மையும் நடமாடும் பிணமும்தான் பலருக்கு நினைவுக்கு வருகின்றன. 1915 முதல் 1934 வரை அமெரிக்கப் படைகள் ஹைதியை ஆக்கிரமித்திருந்த காலத்தில் எழுதப்பட்ட பயணக் கதைகளும், 1932இல் வந்த ‘ஒயிட் ஸாம்பி’ போன்ற படங்களும் பரப்பிய சித்திரம் அது. உண்மையில், அடிமைக் கப்பல்களில் கொண்டுவரப்பட்ட ஃபோன், யொரூபா, கொங்கோ மக்கள் தங்கள் வழிபாடுகளைச் சேர்த்துக் கட்டிக் காத்த சமயம் வோடு. அடிமைகள் அனைவருக்கும் ஞானஸ்நானம் கொடுக்க வேண்டும் என்று 1685ஆம் ஆண்டின் பிரெஞ்சுச் சட்டம் கட்டளையிட்டது. அந்த மக்களோ கத்தோலிக்கப் புனிதர்களின் உருவங்களிலேயே தங்கள் தெய்வங்களை அடையாளம் கண்டுகொண்டார்கள். காலடியில் பாம்புகளோடு நிற்கும் புனித பேட்ரிக், பாம்புத் தெய்வம் டம்பாலா ஆனார். கன்னத்தில் வடுவுள்ள போலந்து நாட்டுக் கரிய மாதா, பிள்ளைகளைக் காக்கும் எசிலி தாந்தோ ஆனாள். ஒரே உருவத்தில் இருவரைப் பார்க்கப் பழகிய கண்கள் அவை. அந்தப் பழக்கமும் ஓவியருக்குக் கிடைத்த கல்விதான்.

கைக்கான பயிற்சி தரையில் நடந்தது. சடங்கு தொடங்குமுன் பூசாரி கோயிலின் நடுத்தூண் அருகே குனிந்து, சோள மாவைக் கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் இடையே கிள்ளி எடுத்து, இழை பிசகாமல் விட்டுக்கொண்டே போவார். அந்தக் கோலத்துக்கு வெவே என்று பெயர். மற்றோர் எசிலியான காதல் தெய்வத்துக்கு இதயம், கடலை ஆளும் அக்வேக்குப் பாய்மரக் கப்பல், வழி திறக்கும் லெக்பாவுக்குக் குறுக்கிடும் பாதைகள், டம்பாலாவுக்கு எதிரெதிரே நிமிர்ந்த இரு பாம்புகள். அளவுகோல் கிடையாது. வரைந்து முடித்ததும் ஆட்டம் தொடங்கும், ஆடுகிறவர்களின் காலடியில் மாவு கலைந்துபோகும், அடுத்த சடங்குக்கு மறுபடி முதலிலிருந்து வரைய வேண்டும். ஆண்டுக்கணக்கில் இப்படி வரைந்த கையைப் பயிற்சியில்லாத கை என்று சொல்ல எந்தக் கலைக் கல்லூரிக்கு உரிமை இருக்கிறது?

இப்போலித்தின் படங்களில் தெய்வம் நடுவில் நேர்முகமாக இருக்கும். பூவும் பறவையும் சுற்றிலும் நிறைந்திருக்கும். அருகு, தொலைவு என்ற வேறுபாடு அனேகமாக இராது. இதை அறியாமை என்று எழுதிய விமர்சகர்கள் உண்டு. வெவேயைப் பார்த்தவர்களுக்கு விஷயம் புரிந்துவிடும். தெய்வத்தை இங்கே வந்து இறங்கு என்று அழைக்கிற வரைபடத்தில் தொடுவானத்துக்கு என்ன வேலை?

இந்தக் கலை உலகத்தின் கண்ணில் பட்ட காலத்தை நினைத்தால் மனம் கொதிக்கிறது. 1941–42இல் ஹைதியின் கத்தோலிக்கத் திருச்சபை ‘மூடநம்பிக்கை ஒழிப்பு’ என்ற பெயரில் ஓர் இயக்கம் நடத்தியது. அதிபர் எலி லெஸ்கோவின் அரசு அதற்குத் துணை நின்றது. கோயில்கள் இடிக்கப்பட்டன, பறைகளும் பூசைப் பொருட்களும் தீயில் போடப்பட்டன, தெய்வம் உறையும் மரங்கள் வெட்டப்பட்டன. எத்தனை ஓவியங்களும் சிற்பங்களும் அதில் சாம்பலாயின என்பதற்குக் கணக்கில்லை. அது அடங்கி இரண்டே ஆண்டுகளில், 1944 மே மாதம், அமெரிக்க ஓவியர் டிவிட் பீட்டர்ஸ் தலைநகர் போர்ட்-ஓ-பிரின்ஸில் கலை மையத்தைத் திறந்தார். மோன்ருயி என்ற ஊரில் ஒரு மதுக்கடைக் கதவில் அவர் பார்த்த பறவைகளும் பூக்களும் இப்போலித் தீட்டியவை. இப்போலித் 1945இல் மையத்துக்கு வந்தார். அந்த ஆண்டு டிசம்பரில் பிரெஞ்சுக் கவிஞர் ஆந்த்ரே பிரெதோன் அவருடைய ஓவியங்களைக் கண்டு வியந்து விலைக்கு வாங்கினார். 1947இல் பாரிஸ் அவருடைய ஓவியங்களைப் பார்த்தது. 1948இல் இப்போலித் இறந்தார்.

ஓவியம் விலைபோனது, சமயத்துக்குத் தடை தொடர்ந்தது. வோடு சடங்குகளைக் குற்றமாக்கிய சட்டம் 1987 வரை நீடித்தது. 2003இல்தான் வோடு அரசின் ஏற்பைப் பெற்ற சமயமானது.

வோடு ஒரு பள்ளிக்கூடம் என்பதற்கு இரும்புச் சிற்பி ஜார்ஜ் லியோதோவின் கதை இன்னும் தெளிவான சான்று. க்ருவா-தே-பூக்கே ஊரில் கொல்லுப்பட்டறை வைத்திருந்த அவர், கல்லறைகளுக்கு இரும்புச் சிலுவைகள் அடித்துக்கொடுத்தார். இடுகாட்டை ஆள்பவர் பாரோன் சாம்தி என்ற தெய்வம். சிலுவை அவருடைய குறி. 1950களின் தொடக்கத்தில் அந்தச் சிலுவைகளைக் கண்ட கலை மையத்தினர் பட்டறையைத் தேடிப் போனார்கள். லியோதோவும் அவருக்குப் பின் வந்தவர்களும் கையில் எடுத்தது காலி எண்ணெய் டிரம். மேல்மூடியையும் அடிமூடியையும் வெட்டியெடுத்து, உள்ளே வைக்கோலோ வாழைச் சருகோ திணித்துத் தீ வைப்பார்கள். ஒட்டியிருக்கும் எண்ணெய் எரிந்து தீர்ந்ததும் பக்கவாட்டில் பிளந்து, அடித்துத் தகடாக்குவார்கள். அதில் சுண்ணக்கட்டியால் உருவம் வரைந்து, சுத்தியலும் உளியும் கொண்டு வெட்டியெடுப்பார்கள். அந்த ஊரின் நொவாய் பகுதி முழுவதும் சுத்தியல் சத்தம் கேட்கும் தெருக்களாகவே வளர்ந்தது.

கொடிக் கலைஞர் மீர்லாந்த் கோன்ஸ்தானின் பள்ளிக்கூடம், அவர் வேலை பார்த்த, கல்யாண உடைகளுக்கு மணி கோக்கும் தொழிற்சாலை. சட்டத்தில் இழுத்துக் கட்டிய துணியில் கொக்கி ஊசியால் மணி தைக்கும் அந்த வேலையில், தைப்பவரின் கண்ணுக்குத் துணியின் பின்பக்கம்தான் தெரியும். அந்த நுட்பத்தை 1990களில் அவர் வோடு கொடிகளுக்குக் கொண்டுவந்தார். அதுவரை பெரும்பாலும் ஆண்களின் கையில் இருந்த தொழில் அது. சடங்கில் தெய்வத்தை வரவேற்க ஏந்தி வரும் கொடி, அவர் கையில் ஆயிரக்கணக்கான மணிகள் மின்னும் பெரும் திரையாக விரிந்தது. அந்தக் கொடிகள் 2022இல் வெனிஸ் கலைக் கண்காட்சியில் தொங்கின.

ஹைதிக் கலை முழுவதும் வோடுதான் என்று சொல்லிவிடவும் கூடாது. வரலாற்றுக் காட்சிகளைத் தீட்டிய ஃபிலோமே ஓபின் புராட்டஸ்டன்ட் கிறிஸ்தவர். 1950களின் தொடக்கத்தில் தலைநகரின் ஹோலி டிரினிட்டி தேவாலயச் சுவர்களில் பைபிள் கதைகளை ஹைதி முகங்களோடு தீட்டியவர்களில் அவரும் ஒருவர். 2010 ஜனவரி 12 நிலநடுக்கத்தில் அந்தத் தேவாலயம் இடிந்தது. பதினான்கு சுவரோவியங்களில் மிஞ்சியவை மூன்றுதான். ஓபினின் ‘கடைசி இராப்போசனம்’ அவற்றில் ஒன்று. கலை மையக் கட்டடமும் அதே நாளில் சரிந்தது.

இன்று க்ருவா-தே-பூக்கே ஆயுதக் கும்பலின் பிடியில் இருக்கிறது. இரும்புக் கலைஞர்கள் பலர் பட்டறையை விட்டு ஓடவேண்டியதாயிற்று. வெளிநாட்டுக் கதவுகளும் முன்பே மூடித்தான் இருந்தன. போர்ட்-ஓ-பிரின்ஸின் கிராண்ட் ரூ தெருவில் கார் உதிரிபாகம், டயர், மண்டையோடு கொண்டு மரணத் தெய்வமான கெதேயின் உருவங்களைச் செய்துவந்த ஆந்த்ரே யூஜீனும் அவர் தோழர்களும் 2009இல் தங்கள் பேட்டையிலேயே ‘கெட்டோ பியனாலே’ என்ற கண்காட்சியைத் தொடங்கினார்கள். தங்கள் படைப்புகள் போன நாடுகளுக்குத் தாங்கள் போக விசா மறுக்கப்பட்டதும் அதற்கு ஒரு காரணம். 2022இல் ஜெர்மனியின் காஸெல் நகரில் நடந்த டாக்குமெண்டா கண்காட்சி இவர்களை அழைத்து, ஒரு கத்தோலிக்கத் தேவாலயத்தையே காட்சிக்கூடமாகக் கொடுத்தது. மற்ற நாடுகளும் இதைச் செய்யலாம். ஹைதியின் கலையைச் சேர்த்து வைத்திருக்கும் அமெரிக்க, ஐரோப்பிய நிறுவனங்கள் முதலில் செய்ய வேண்டியது, பட்டறை இழந்த கலைஞர்களுக்கு விசாவும் வேலை செய்ய இடமும் இரும்பும் கிடைக்க வழிசெய்வதுதான்.