பால்கன் கனவும் ஜலகண்டாபுரம் பஸ்ஸும்: ஒரு வார வரலாற்று ட்ரிப்பை எப்படி ப்ளான் பண்ணுவது?

ஏழு நாள், ஐந்து நாடு. குரோஷியாவில் கடலோரக் கோட்டை, போஸ்னியாவில் மோஸ்டார் பாலம், வடக்கு மாசிடோனியாவில் ஏரிக்குள் நிற்கும் பழைய தேவாலயம். இன்ஸ்டாவைத் திறந்தால் பால்கன் ரீல்ஸ் வந்து விழுந்துகொண்டே இருக்கிறது. பாரிஸ், சுவிஸ் எல்லாம் பழசு. இப்போ ஐ.டி. பசங்களோட ட்ரிப் லிஸ்ட்ல பால்கனும் சேர்ந்துடுச்சு.

ஆசைப்படுவதில் தப்பில்லை. ஆனால், ப்ளான் பண்ண உட்கார்ந்தால்தான் நிஜம் தெரியும். முன்பு விசா இல்லாமலே போக முடிந்த செர்பியா, 2023 ஜனவரி 1 முதல் இந்தியர்களுக்கு விசா கட்டாயம் என்று மாற்றிவிட்டது. அதே நாளில் குரோஷியா ஷெங்கன் வட்டத்துக்குள் போனது. 2025 ஜனவரியில் பல்கேரியாவும் ருமேனியாவும் முழுமையாகச் சேர்ந்தன. ஷெங்கன் விசா கட்டணம் 2024 ஜூன் முதல் 90 யூரோ. நம்ம கணக்கில் ஏறக்குறைய 9,000 ரூபாய். ஒருமுறை மட்டும் நுழையும் விசா வாங்கிக்கொண்டு குரோஷியாவிலிருந்து போஸ்னியா பாலத்தைப் பார்க்கப் போனால், திரும்பி குரோஷியாவுக்குள் வர முடியாது. பலமுறை நுழையும் விசாதான் வேணும்.

அதாவது, பால்கன் ட்ரிப் என்பதே எல்லைகளைத் தாண்டும் ட்ரிப். அதன் சுவாரஸ்யமும் அங்கேதான் இருக்கிறது. அந்த சுவாரஸ்யத்தைப் புரிந்துகொண்டால், அதே மாதிரி ஒரு வாரத்தை சேலம் மாவட்டம் ஜலகண்டாபுரத்தில் பஸ் ஏறியும் ப்ளான் பண்ணலாம். 'ஃபாரின் எதுக்கு, நம்ம ஊரே போதும்' என்று சொல்ல வரவில்லை. ரெண்டு ட்ரிப்புக்கும் தேவைப்படுவது ஒரே பார்வைதான் என்பதே விஷயம்.

ஒரே இடம், வேற வேற பலகை

சரயேவோ நகரத்தில் லத்தீன் பாலம் இருக்கிறது. அதன் பக்கத்தில்தான் 1914 ஜூன் 28 அன்று ஆஸ்திரிய இளவரசர் ஃபெர்டினாண்டை கவ்ரிலோ பிரின்சிப் சுட்டார். முதல் உலகப் போருக்குத் திரி கொளுத்திய சம்பவம். யூகோஸ்லாவியா காலத்தில் அந்த இடத்தில் இருந்த பலகை பிரின்சிப்பை விடுதலை வீரராகக் கொண்டாடியது. பாலத்துக்கே அவர் பெயர்தான். 1990-களின் போருக்குப் பிறகு பாலம் பழைய பெயருக்குத் திரும்பியது. பலகையும் மாறி, இன்ன நாளில் இன்னார் இன்னாரைக் கொன்றார் என்ற தகவல் மட்டும் மிஞ்சியது.

இன்னொன்று, வடக்கு மாசிடோனியாவின் ஸ்கோப்யே. 2011-ல் நகர மையத்தில் குதிரை வீரன் ஒருவனுக்குப் பிரமாண்ட சிலை வைத்தார்கள். பார்த்தால் அலெக்சாண்டர் என்று குழந்தைகூடச் சொல்லும். ஆனால், அதிகாரபூர்வப் பெயர் 'குதிரை மீது வீரன்'. காரணம், அலெக்சாண்டர் எங்கள் ஆள் என்று கிரேக்கம் சண்டைக்கு நின்றது. கடைசியில் 2019-ல் நாட்டின் பெயரையே 'வடக்கு மாசிடோனியா' என்று மாற்ற வேண்டியதாயிற்று.

பாலமும் சிலையும் போட்டோவுக்கு. 'இந்த வீரன் யாரோட வீரன்?' என்ற கேள்விதான் பால்கன் பயணத்தின் உயிர். இப்போ இந்தக் கேள்வியோட நம்ம பக்கம் வாங்க.

சேலமும் ஒரு எல்லை நாடுதான்

சேலம், நாமக்கல், தர்மபுரி சமவெளியைச் சுற்றி மலைகள். கிழக்கே, வடக்கே கணவாய்கள். மேற்கே காவிரி. சேர, சோழ, பாண்டியர் யாருக்கும் இது தலைநகர் இல்லை. ஆனால், எல்லோரும் இதற்காகச் சண்டை போட்டார்கள். பிறகு மதுரை நாயக்கர்களுக்கும் மைசூருக்கும் இடையில் இழுபறி. 1792-ல் ஸ்ரீரங்கப்பட்டண உடன்படிக்கையில் திப்பு சுல்தான் பாராமகாலையும் சேலத்தையும் ஆங்கிலேயரிடம் விட்டுக்கொடுத்தார். அலெக்சாண்டர் ரீடும் அவருக்கு உதவியாளராக இருந்த தாமஸ் மன்றோவும் ரயத்துவாரி வரிமுறைக்கு ஒத்திகை பார்த்தது இந்த மண்ணில்தான்.

சங்க காலத்துக்குப் போனால் இன்னும் சுவாரஸ்யம். கடையெழு வள்ளல்கள் என்று பள்ளிக்கூடத்தில் படித்தோமே, அதில் ஓரி கொல்லிமலை ஆள். அதியமான் தகடூர், அதாவது இன்றைய தர்மபுரி. மலையமான் காரி திருக்கோவலூர். காரி போய் ஓரியைக் கொன்று, கொல்லிமலையைச் சேரனுக்குக் கொடுத்தான். அதியமான் போய் காரியின் கோவலூரை அடித்தான். சேரன் பெருஞ்சேரல் இரும்பொறை வந்து தகடூரை வீழ்த்தினான். மூன்று வள்ளல்களும் ஒரே போர்ச் சங்கிலியில் மாட்டிக்கொண்டவர்கள்! பாடப்புத்தகத்தில் முல்லைக்குத் தேர் கொடுத்தவர், நெல்லிக்கனி கொடுத்தவர் என்று தனித்தனியாகப் படித்ததால் இது நமக்கு உறைப்பதே இல்லை.

எந்த வாரம்?

இங்கேதான் ப்ளானிங்கில் முதல் முடிச்சு. மேட்டூர் அணை 1925-ல் ஆரம்பித்து 1934-ல் முடிந்தது. முழுக் கொள்ளளவு 93.47 டி.எம்.சி., முழு நீர்மட்டம் 120 அடி. அந்தத் தண்ணீருக்குள் கிராமங்கள் மூழ்கின. நீர்மட்டம் நன்றாக இறங்கும் வருடங்களில், பண்ணவாடி பக்கம் ஜலகண்டேஸ்வரர் கோயில் நந்தியும் பழைய தேவாலயக் கோபுரமும் வெளியே தெரியும். ரீல்ஸில் பார்த்தீர்களே, வடக்கு மாசிடோனியாவின் மாவ்ரோவோ ஏரித் தேவாலயம், அதுவும் அப்படித்தான். 1850-ல் கட்டியது. 1953-ல் நீர்த்தேக்கத்துக்குள் போனது. அதைப் பார்க்கக் கண்டம் தாண்டிப் போகிறார்கள். நம்மிடம் தேவாலயத்தோடு சேர்த்து நந்தியும் இருக்கிறது.

ஆனால், நந்தி தெரிய வேண்டுமென்றால் கோடையில், அதுவும் வறண்ட வருடத்தில் போக வேண்டும். 2024, 2025 இரண்டு வருடமும் அணை 120 அடியைத் தொட்டது.

இன்னொரு பக்கம், இந்தப் பகுதி முழு உயிரோடு இருப்பது ஆடி 18-ஐ ஒட்டிய வாரத்தில். மேட்டூரிலும் ஒகேனக்கல்லிலும் காவிரிக் கரை நிரம்பும். சேலம் கோட்டை மாரியம்மனுக்கு ஆடித் திருவிழா. கொல்லிமலையில் வல்வில் ஓரி விழா. சங்ககிரியில் தீரன் சின்னமலை நினைவு நாள். அப்போது அணையில் தண்ணீர் ஏறியிருக்கும், நந்தி கிடைக்காது.

மூழ்கிய வரலாறா, நடக்கிற பண்பாடா? ரெண்டும் ஒரே வாரத்தில் கிடைக்காது. முதல்லயே முடிவு பண்ணிடுங்க. ஆடி வாரம் என்றால் அந்த ரெண்டு நாள்கள் சங்ககிரி, கொல்லிமலை, மேட்டூர் மூன்றிலும் கூட்டம் நெரியும். மூன்றையும் தொட ஆசைப்பட்டால் ரோட்டில்தான் நிற்பீர்கள். ஒன்றைத் தேர்ந்தெடுங்கள்.

ஏழு நாள், இப்படி

நாள் 1: ஜலகண்டாபுரம், தாரமங்கலம். தறிச் சத்தம் கேட்கும் ஊரில் காலையில் கிளம்பி, பக்கத்தில் இருக்கும் தாரமங்கலம் கைலாசநாதர் கோயிலுக்குப் போங்க. கெட்டி முதலிகள் கட்டியது. மதுரை நாயக்கர்களுக்குக் கட்டுப்பட்ட இந்தச் சிற்றரசர்களை 17-ஆம் நூற்றாண்டில் மைசூர்க்காரர்கள் ஒடுக்கினார்கள். கல்லில் சங்கிலி, சிங்கத்தின் வாய்க்குள் உருளும் கல் பந்து எல்லாம் இருக்கு. அதைவிட முக்கியம் வாலி வதைச் சிற்பம். ராமன் நிற்கும் இடத்திலிருந்து பார்த்தால் வாலி தெரிவான். வாலி நிற்கும் இடத்திலிருந்து ராமன் தெரியமாட்டான். இந்த ஒரு வாரத்துக்கே இதைப் பாடமாக வைத்துக்கொள்ளலாம்.

நாள் 2: மேட்டூர், பண்ணவாடி. அணை, 16 கண் மதகு பார்த்துவிட்டு, கொளத்தூர் வழியாகப் பண்ணவாடி. இங்கிருந்து நாகமரைக்குப் பரிசல் துறை உண்டு. மேட்டூர் பக்கத்து மாங்காட்டில் கிடைத்த இரும்புப் பொருளின் காலம் கி.மு. 1604 முதல் 1416-க்குள் என்று கணிக்கப்பட்டிருக்கிறது. 2025 ஜனவரியில் தமிழக அரசு வெளியிட்ட 'இரும்பின் தொன்மை' அறிக்கை, சிவகளையை வைத்து அந்தக் காலத்தை கி.மு. 3345 வரை கொண்டுபோனது. அந்தச் செய்தி வைரலானபோது மாங்காடு நம் தாலுகா பக்கம் என்பது எத்தனை பேருக்குத் தெரிந்தது?

நாள் 3: தர்மபுரி. அதியமான்கோட்டை, சென்றாயப் பெருமாள் கோயில் ஓவியங்கள், தர்மபுரி அகழ்வைப்பகத்தில் இருக்கும் நடுகற்கள். மாடு மீட்கப் போய்ச் செத்தவனுக்கும் கல் வைத்த நாடு இது. மன்னர் இல்லாத வரலாற்றைப் பார்க்க இந்த ஒரு நாள்.

நாள் 4: சேலம். அரசு அருங்காட்சியகம், ஏற்காடு சாலையில் மாடர்ன் தியேட்டர்ஸ் நுழைவு வளைவு. 1930-களில் டி.ஆர்.சுந்தரம் தொடங்கி நூற்றுக்கும் மேற்பட்ட படங்கள் எடுத்த இடத்தில் இன்று நிற்பது அந்த வளைவுதான். மாலையில் இளம்பிள்ளை போய்ச் சேலை நெய்வதைப் பார்க்கலாம். அது வீடும் தொழிலிடமும் சேர்ந்தது, கேட்டுட்டு உள்ளே போங்க.

நாள் 5: சங்ககிரி, திருச்செங்கோடு. சங்ககிரி மலைக்கோட்டையில் வாசல் வாசலாக ஏறணும். வெயிலுக்கு முன் காலையிலேயே முடிச்சிடுங்க. 1805-ல் தீரன் சின்னமலையை ஆங்கிலேயர் தூக்கிலிட்ட இடம். பெருமாள் கோயிலும் இஸ்லாமியர் வழிபடும் இடமும் ஒரே மலையில் இருக்கின்றன. மாலையில் திருச்செங்கோடு அர்த்தநாரீஸ்வரர் மலை.

நாள் 6: நாமக்கல். ஒரே பாறையில் கோட்டை, அடியில் ரெண்டு குடைவரைகள். 8-ஆம் நூற்றாண்டு. ரங்கநாதர் குடைவரையைக் கல்வெட்டு 'அதியேந்திர விஷ்ணுகிருகம்' என்கிறது. சங்க காலத்தில் வீழ்ந்ததாக நாம் முடித்துக்கொண்ட அதியர் பெயர், பல நூற்றாண்டு கழித்து இங்கே மறுபடி எட்டிப் பார்க்கிறது.

நாள் 7: கொல்லிமலை. 70 கொண்டை ஊசி வளைவு, அறப்பளீஸ்வரர், ஆகாய கங்கை. கூடவே மலையாளி பழங்குடி மக்களின் கதைகளையும் கேளுங்க. தங்கள் முன்னோர் காஞ்சிபுரத்திலிருந்து வந்தவர்கள் என்பது அவர்கள் வழிவழியாகச் சொல்வது. ஓரி கதையில் அவர்கள் வருவதே இல்லை.

ஒரு டிப்ஸ்: கோயில்கள் மதியம் நடை சாத்திடும். அரசு அருங்காட்சியகங்களுக்கு வெள்ளிக்கிழமை லீவு. சேலத்தில் ரூம் போட்டால் முதல் ஐந்து நாளை அங்கிருந்தே சமாளிக்கலாம். கடைசி ரெண்டு நாளுக்கு நாமக்கல் போயிடுங்க.

பலகை இல்லாத இடத்தில் ஃப்ளெக்ஸ் பேசும்

இந்தப் பாதையில் எந்த ஊருக்குப் போனாலும் ஒன்றைக் கவனிப்பீர்கள். தொல்லியல் துறையின் நீலப் பலகை, சேதப்படுத்தினால் என்ன தண்டனை என்று சொல்லும். இங்கே என்ன நடந்தது என்று சொல்லாது. அந்தக் காலி இடத்தை ஃப்ளெக்ஸ் பேனர் நிரப்புகிறது. மன்னரின் படம், வாள், அவர் எங்கள் சமூகம் என்று ஒரு வரி, கீழே ஐம்பது தலைகள். சின்னமலையாகட்டும், ஓரியாகட்டும், கெட்டி முதலியாகட்டும், ஒவ்வொரு பெயருக்கும் உரிமை கேட்டு ஆள் நிற்கிறது. ஒரே பெயருக்கு ரெண்டு சமூகம் உரிமை கேட்பதும் உண்டு.

ஸ்கோப்யே சிலையைப் பார்த்து நாம சிரிக்கிறோம். அதே சண்டை நம்ம பஸ் ஸ்டாண்ட் பேனரில் நடக்கும்போது ஸ்க்ரோல் பண்ணிட்டுப் போறோம். பால்கனில் 1990-களில் ரத்தம் சிந்திய அரசியல், பழைய வீரர்களையும் பழைய போர்களையும் தூக்கிக்கொண்டுதான் வந்தது. மோஸ்டாரில் 1566-ல் கட்டிய பாலம் 1993 நவம்பரில் குண்டு வீச்சில் ஆற்றில் விழுந்தது. 2004-ல் திரும்பக் கட்டிவிட்டார்கள். கல்லைத் திரும்ப அடுக்குவது சுலபம், ரெண்டு கரை மனிதர்களைச் சேர்ப்பது அவ்வளவு சுலபமாக இல்லை.

இதற்குப் பெரிய பட்ஜெட் தேவையில்லை. ஒவ்வொரு இடத்திலும் தமிழில் நான்கு பத்தி, ஒரு வரைபடம், தெரிந்தது எது, கதையாகச் சொல்லப்படுவது எது என்று பிரித்துச் சொல்லும் ஒரு பலகை. உள்ளூர்க் கல்லூரிகளில் வரலாறு படிக்கும் பிள்ளைகளுக்குப் பயிற்சி கொடுத்து, வார இறுதியில் வழிகாட்டிகளாக நிறுத்தலாம். அவங்களுக்கும் கைச்செலவுக்குக் காசு. பண்ணவாடியில் நந்தி தலை காட்டும் வருடங்களில் செல்ஃபி எடுக்க வருபவரிடம், இங்கே ஊர் இருந்தது, வீடு இருந்தது, அவர்கள் எழுந்து போனதால்தான் டெல்டாவுக்குத் தண்ணீர் போகிறது என்று சொல்ல ஒரு ஆளாவது வேணும்.

அதுவரைக்கும் நீங்களே ஒரு வேலை செய்யலாம். பால்கன் போனாலும் சரி, ஜலகண்டாபுரத்தில் பஸ் ஏறினாலும் சரி, ஒவ்வொரு இடத்திலும் குறைந்தது ரெண்டு பேரிடம் கதை கேளுங்க. ரெண்டாவது ஆள், முதல் ஆளோட சொந்தக்காரரா இருக்கக் கூடாது. அவ்வளவுதான்.