இழுத்தடிப்பும் ஒரு தீர்ப்புத்தான்



போன மாத வாசிப்பு வட்டத்தில் கேரளத்தின் வயல் சட்டத்தைப் பற்றிக் கதைக்கேக்கை இரண்டு குரல் கேட்டது. "கந்தோர் இழுத்தடிச்சால் ஹைகோர்ட்டுக்குப் போகலாம்தானே" எண்டது ஒன்று. "இழுத்தடிக்கட்டும், அது மட்டுக்கும் வயல் மிஞ்சும்" எண்டது மற்றது. என்னைக் கேட்டால் இரண்டும் பிழை.

1970களில் கேரளத்தில் நெல் விளைந்த நிலம் ஏறத்தாழ 8.8 லட்சம் ஹெக்டேர். 2008இல் மிஞ்சியது அதில் கால்வாசி அளவுதான். அந்த ஆண்டுதான் இடது முன்னணி அரசு நெல்வயல், ஈரநிலப் பாதுகாப்புச் சட்டத்தைக் கொண்டுவந்தது. எந்தக் காணி வயல், எது ஈரநிலம் எண்டு ஊர் ஊராகப் பட்டியல் போட்டார்கள். அதுக்குப் பெயர் டேட்டா பேங்க். பட்டியலில் பிழையாகச் சேர்ந்த காணியை எடுக்க வருவாய் அதிகாரியிடம் விண்ணப்பிக்க வேணும். பட்டியலில் இல்லாமல் பழைய பதிவேட்டில் மட்டும் வயலாக இருக்கிற காணிக்கு, 2018 திருத்தம் வேறொரு விண்ணப்பத்தைக் கொண்டுவந்தது. 2022இல் தேங்கிக் கிடந்த விண்ணப்பங்கள் ஒரு லட்சத்துக்கு மேல்.

அதே ஆண்டு எர்ணாகுளம் மாவட்டத்தில் ஒரு மீனவர் உயிரை மாய்த்துக்கொண்டார். சில செண்ட் காணியின் வகையை மாற்றக் கேட்டு, கந்தோர் கந்தோராக அலைந்தவர். காணி வகை மாறாமல் வங்கிக் கடன் கிடைக்காது. "இழுத்தடிக்கட்டும்" எண்டு சொல்லேக்கை யாரைக் காத்திருக்கச் சொல்லுறோம் எண்டதை யோசியுங்கோ. பணம் இருக்கிறவன் காத்திருப்பதில்லை. தாமதத்துக்கு ஒரு விலை உண்டு, அதை வாங்கித்தர புரோக்கரும் உண்டு. தாமதம் வயலைக் காப்பாற்றுறதும் இல்லை. தரிசாகக் கிடந்து புல் மண்டினால், "இது வயலே இல்லை" எண்டு சொல்லுறது இன்னும் சுலபம்.

சரி, நீதிமன்றம்? அரசியலமைப்பின் 226ஆம் பிரிவின் கீழ் மாண்டமஸ் பேராணை கேட்கலாம். நீதிபதி பெரும்பாலும் சொல்வது ஒன்றுதான்: இத்தனை மாதத்துக்குள் முடிவெடு. என்ன முடிவு எண்டு சொல்லமாட்டார்; சொல்லவும் கூடாது. கெடு தவறினால் நீதிமன்ற அவமதிப்பு வழக்கு.

இந்த உரிமை தேவைதான். ஆனால் நடக்கிறதைப் பாருங்கோ. கையில் நீதிமன்ற உத்தரவோடு வருகிறவரின் கோப்பு மேலே போகுது. வக்கீலுக்குக் காசு இல்லாதவரின் கோப்பு கீழே போகுது. மொத்த வரிசை ஒரு அடிகூட நகரவில்லை. ஆட்களின் இடம் மட்டும் மாறுது.

இன்னொன்று: அவமதிப்புப் பயத்தில் அவசரமாக எழுதும் உத்தரவு நல்ல உத்தரவாக இராது. டேட்டா பேங்க் வழக்குகளில் கேட்க வேண்டிய கேள்வி, சட்டம் நடைமுறைக்கு வந்த 12.08.2008 அன்று அந்தக் காணி எப்படி இருந்தது எண்டதுதான். நேரில் போய்ப் பார்க்க வேணும், இல்லாட்டி செயற்கைக்கோள் படத்தைப் பார்க்க வேணும். இரண்டும் செய்யாமல் நாலு வரியில் நிராகரித்த உத்தரவுகளை ஹைகோர்ட் திரும்பத் திரும்ப ரத்துச் செய்திருக்கு. பிறகு கோப்பு அதே மேசைக்குத்தான் திரும்புது. அதேபோல் ஆராயாமல் அனுமதி கொடுத்தால்? அதை எதிர்த்து வழக்குப் போட ஆர் வரப்போகினம்? பக்கத்துக் கிணற்றில் தண்ணீர் வற்றப்போகிற குடும்பமும், நாற்று நடப் போகும் பெண்ணும் அந்த வழக்கில் தரப்பே இல்லை.

எங்கட இங்கிலாந்தும் ஒன்றும் திறமில்லை. இங்கே கட்டட அனுமதிக்குச் சாதாரணமாக 8 வாரம், பெரிய திட்டத்துக்கு 13 வாரம் கெடு. கெடு தாண்டினால் விண்ணப்பித்தவர் மேல்முறையீடு செய்யலாம். ஆனால் அனுமதி கொடுத்துவிட்டால் அயலவருக்கு மேல்முறையீடு இல்லை. அதாவது கடிகாரம் கட்டுகிறவனுக்கு மட்டும் ஓடுது.

ஆகவே நாங்கள் கேட்க வேண்டியது வேறு. கெடு சட்டத்திலேயே இருக்க வேணும், வழக்குப் போட்டவருக்கும் போடாதவருக்கும் ஒரே கெடு. வேறு காணி இல்லாதவர் வீடு கட்டக் கேட்கும் விண்ணப்பம் முதலில் எடுக்கப்பட வேணும். ஊராட்சியில் 10 செண்ட், நகராட்சியில் 5 செண்ட் எண்ட சலுகையை 2008 சட்டமே இவர்களுக்காகத்தான் வைத்தது. கெடு தாண்டினால் கோப்பு தானாக மேலதிகாரியிடம் போக வேணும். "பதில் இல்லையெண்டால் அனுமதி" எண்ட குறுக்குவழி மட்டும் வேண்டாம்: அது வந்தால் கோப்பைத் தூங்கவைக்கிறதுக்கே லஞ்சம் கொடுப்பார்கள். ஒவ்வொரு விண்ணப்பமும் ஊருக்குத் தெரிய வேணும். அயலவரும் கூலித் தொழிலாளியும் வாய்திறக்க இடம் வேணும். இதுக்கெல்லாம் ஆள் வேணும், வயலுக்குப் போக வண்டி வேணும். அது பட்ஜெட்டில் வரவேண்டியது, பேராணையில் வராது.

வீடில்லாத மீனவரையும் வயலையும் ஒருவருக்கொருவர் எதிரியாக்கி வைத்திருக்கிறது அந்தத் தேங்கிய கோப்புத்தான். அடுத்த கூட்டத்தில் "கோர்ட் இருக்குத்தானே" எண்டு ஆரும் சொன்னால், அந்தக் கோர்ட்டின் படி ஏற முடியாதவரின் கோப்பு எங்கே கிடக்கு எண்டு கேளுங்கோ.