காசு கொடுத்து முகம் பார்த்தவர்கள்



கல்யாண வீடியோவைப் போட்டதும் மணமக்களையா பார்க்கிறோம்? பந்தியில் நாம் உட்கார்ந்திருந்த வரிசை எப்போது வரும் என்றுதான் கண் தேடும். இந்த ஆசையை நம்பி ஒரு தொழிலே நடந்திருக்கிறது, இங்கிலாந்தின் லங்காஷயரில்.

பிளாக்பர்ன் ஊரில் சாகர் மிட்செலும் ஜேம்ஸ் கென்யனும் 1897-இல் கூட்டுச் சேர்ந்தார்கள். ஊர் ஊராகக் கொட்டகை போடும் படக்காட்சிக்காரர்கள் சொல்லியனுப்பினால் ஆலை வாசலில் கேமரா போய் நிற்கும். வேலை விட்டு வரும் கூட்டத்தைக் கைப்பிடி சுற்றிப் படமெடுத்து, முடிந்தால் அன்று இரவே திருவிழாத் திடலில் ஓட்டிவிடுவார்கள். கதையும் வேண்டாம், நடிகரும் வேண்டாம். எத்தனை முகம் விழுகிறதோ அத்தனை டிக்கெட். கூட்டம் தேங்கி நின்றால் காட்சிக்காரரே படத்துக்குள் புகுந்து, கையாட்டி நகர்த்துவதையும் பார்க்கலாம்.

1895-இல் பிரெஞ்சு சினிமா முன்னோடிகளான லூமியேர் சகோதரர்கள் லியோனில் எடுத்ததும் ஆலை வாசல்தான். ஆனால் அவர்களுடைய தொழிலாளர்கள் பெரும்பாலும் கேமரா இருப்பதே தெரியாததுபோலக் கடந்துபோகிறார்கள். லங்காஷயர் பையன்களோ ஓடி ஓடி வந்து முன்னால் நிற்கிறார்கள். ஆண்கள் தொப்பியைக் கழற்றி வீசிக் காட்டுகிறார்கள். கேமராவைப் பார்க்கக் கூடாது என்ற கட்டுப்பாடெல்லாம் பிறகு வந்தது. அது வராமலே இருந்திருக்கலாம் என்பது என் கட்சி.

மிட்செல், கென்யன் படங்கள் நமக்குக் கிடைத்ததே அதிர்ஷ்டம். 1994-இல் பிளாக்பர்னில் ஒரு பழைய கடையின் நிலவறையைக் காலி செய்தபோது, உலோகப் பீப்பாய்களுக்குள் சுமார் 800 நெகட்டிவ் சுருள்கள் இருந்தன. சட்டெனத் தீப்பற்றும் நைட்ரேட் பிலிம் வேறு. பிரிட்டிஷ் திரைப்படக் கழகம் பொறுமையாக மீட்டெடுத்தது. 2005-இல் பிபிசி தொடராகவும் வந்தது.

அந்தச் சுருள்களில், சால்வை போர்த்திய பெண்களுக்கு நடுவே, ஆலையிலிருந்து சிறுவர் சிறுமியரும் வெளியே வருகிறார்கள். பாதி நாள் ஆலை, பாதி நாள் பள்ளி என்பதை அன்றைய சட்டமே அனுமதித்திருந்தது. அந்த அநியாயத்தைப் பதிவு செய்ய யாரும் கேமரா தூக்கி வரவில்லை. பிள்ளையின் முகம் விழுந்தால் வீட்டோடு வந்து டிக்கெட் வாங்குவார்கள் என்ற கணக்கில் எடுத்தார்கள், சாட்சியமாகிவிட்டது.

இந்தப் படங்களில் பல இணையத்தில் இலவசமாகவே கிடைக்கின்றன. ஒலி கிடையாது, பின்னால் சேர்த்த இசை இருந்தால் அதையும் நிறுத்திவிட்டுப் பாருங்கள். யார் முகம் உங்களை நிறுத்தியது என்று எனக்கு எழுதுங்கள்.

அன்புடன்,
ஆசிரியர்