ஜெஸ்ஸி பாண்ட் கேட்ட 30 பவுண்டு

1878-ல் லண்டனில் கில்பர்ட், சல்லிவன் ஜோடியின் இசை நாடகத்தில் சின்ன வேடத்தோடு நுழைந்தவர் ஜெஸ்ஸி பாண்ட். 1885-ல் 'மிகாடோ'. மூன்று பெண்களுக்கும் ஒரே மாதிரி ஜப்பானிய உடை. ஜெஸ்ஸி சும்மா இருப்பாரா? இடுப்புக் கச்சையின் பின்முடிச்சைத் தனக்கு மட்டும் இரண்டு மடங்கு பெரிதாக வைத்துக்கொண்டு, அதை ஆட்டி ஆட்டியே எல்லோரையும் பார்க்க வைத்தார். (குறும்புதான்!)

1889-ல் 'கோண்டலியர்ஸ்'. இதில் நட்சத்திரமே கிடையாது, எல்லோரும் சமம் என்றார் கில்பர்ட். ஜெஸ்ஸியோ வாரம் 20 பவுண்டு போதாது, 30 வேண்டும் என்று பிடிவாதமாக நின்று வாங்கினார். ஒத்திகையில் அதிகச் சம்பளக்காரி என்று கில்பர்ட்டின் கேலி வேறு!

இது பேராசையா? 11 வருடம் அரங்கை நிறைத்த பெண் கேட்டது வெறும் 10 பவுண்டு கூடுதல். லாபத்தை மூன்றாகப் பிரித்துக்கொண்டவர்கள் கில்பர்ட், சல்லிவன், முதலாளி கார்ட். அங்கே மட்டும் சமத்துவம் எட்டிப் பார்க்கவில்லை. அடுத்த வருடமே, அரங்குக்கு வாங்கிய கம்பளத்தின் செலவைத் தன் பங்கிலும் கழித்துவிட்டார்கள் என்று கார்ட்டோடு சண்டைக்குப் போனவர் இதே கில்பர்ட்தான்.