பணம் தரும் முன் கேட்கப்படும் கையெழுத்து

புது தில்லி: அரசுப் பணியை முடித்துக் கொடுத்த ஒப்பந்ததாரர் பணத்துக்காக அலுவலகம் அலுவலகமாக அலைவதற்கு நிதிப் பற்றாக்குறை மட்டுமே காரணம் அல்ல. பில்லுடன் எந்தெந்த ஆவணங்கள் இருக்க வேண்டும், அவை முழுமையாக உள்ளன என்று யார், எப்போது முடிவு செய்வது என்பதே பல தகராறுகளின் வேராக இருக்கிறது.

அளவுப் புத்தகத்தில் பதிவு, தரப் பரிசோதனை அறிக்கை, தொழிலாளர் வருங்கால வைப்பு நிதி செலுத்திய ரசீது, மணல், ஜல்லிக்கு உரிமைத் தொகை கட்டிய சான்று, கூடுதல் வேலைக்கான ஒப்புதல் எனப் பட்டியல் நீள்கிறது. இவை தேவையற்றவை என்று சொல்லிவிட முடியாது. வைப்பு நிதி ரசீதைக் கேட்பது தொழிலாளியின் பணத்தைப் பாதுகாக்கிறது. பரிசோதனை அறிக்கை மக்களின் வரிப் பணத்தைப் பாதுகாக்கிறது.

காலக்கெடுவும் இல்லாமல் இல்லை. மத்திய நிதி அமைச்சகத்தின் செலவினத் துறை 2021 அக்டோபர் 29-ஆம் தேதி பிறப்பித்த அறிவுறுத்தலின்படி, பில் அளித்த 10 வேலை நாள்களுக்குள், தகுதியுள்ள தொகையில் குறைந்தது 75 சதவீதத்தைக் கொடுத்துவிட வேண்டும். சரிபார்த்து எஞ்சியதை வழங்க 28 வேலை நாள்கள் அவகாசம்.

எப்போது தொடங்குகிறது கெடு?

ஆனால், இந்தக் கெடு பில் அளித்த நாளிலிருந்து தொடங்குகிறது. "ஆவணம் குறைவு' என்று குறிப்பெழுதி பில்லைத் திருப்பி அனுப்பினால், அதை அளித்த நாள் எது என்பதே தகராறாகி விடுகிறது. ஒரே முறையில் எல்லாக் குறைகளையும் சொல்லாமல், ஒவ்வொன்றாகச் சுட்டிக்காட்டினால் மாதங்கள் ஓடிவிடும்.

நாடாளுமன்றம் 2006-இல் நிறைவேற்றிய குறு, சிறு, நடுத்தரத் தொழில் நிறுவனங்கள் மேம்பாட்டுச் சட்டத்திலும் இதே சிக்கல் உண்டு. 45 நாள்களுக்கு மேல் தாமதித்தால் ரிசர்வ் வங்கி அறிவிக்கும் வங்கி வட்டி விகிதத்தைப் போல மூன்று மடங்கு கூட்டு வட்டி தர வேண்டும் என்கிறது சட்டம். ஆனால், பொருளையோ சேவையையோ பெற்றவர் 15 நாள்களுக்குள் எழுத்து மூலம் ஆட்சேபம் தெரிவித்தால், அது நீக்கப்பட்ட நாளிலிருந்துதான் கணக்கு. தவிரவும், கட்டடம், சாலை போன்ற பணி ஒப்பந்தங்களுக்கு இச்சட்டம் பொருந்தாது என்று மும்பை உயர் நீதிமன்றம் உள்ளிட்டவை தீர்ப்பளித்துள்ளன.

இறுதி பில்லின்போது கேட்கப்படும் இன்னொரு தாள்தான் மிகக் கடுமையானது. "இனி எந்தக் கோரிக்கையும் இல்லை' என்று ஒப்பந்ததாரர் எழுதிக் கொடுக்கும் சான்று அது. வாங்கிய கடனுக்கு வட்டி ஏற, வேலையாள்களுக்குக் கூலி பாக்கி நிற்க, மறுக்கும் வலிமை சிறு ஒப்பந்ததாரருக்கு இல்லை. துறையே ஒப்புக்கொண்ட தொகையைப் பெறுவதற்காக, துறை ஒப்புக்கொள்ளாத தொகையை அவர் கைவிட நேரிடுகிறது.

நீதிமன்றங்களின் பார்வை

ரயில்வே ஒப்பந்த வழக்கு ஒன்றில் (அம்பிகா கன்ஸ்ட்ரக்ஷன், 2006), இச்சான்று ஒப்பந்ததாரரின் உரிமைக்கு முழுத் தடையாகாது என்றது உச்ச நீதிமன்றம். 2008-இல் போகாரா பாலிஃபேப் என்ற காப்பீட்டு வழக்கில் இன்னும் தெளிவாகப் பேசியது: ஒப்புக்கொண்ட குறைந்த தொகையை விடுவிப்பதற்கே "முழுத் தீர்வு' என்று எழுதி வாங்குவது நியாயமற்றது; சட்டவிரோதமானது.

அதேநேரத்தில், கையெழுத்திட்டுவிட்டுப் பிறகு நிர்பந்தம் என்று சொல்வோர் அனைவரையும் நீதிமன்றம் ஏற்பதில்லை. தேசிய அனல்மின் கழகம் தொடர்பான வழக்கில் 2023 ஏப்ரலில், உடன்பாட்டின் பலனைப் பெற்றுக்கொண்ட பிறகு நடுவர் மன்றம் கோரிய நிறுவனத்தின் வாதம் நிராகரிக்கப்பட்டது. கையெழுத்து நிர்பந்தத்தால் பெறப்பட்டதா என்ற கேள்வியை நடுவரே முடிவு செய்யலாம் என்று 2024 ஜூலையில் மூன்று நீதிபதிகள் அமர்வு தெளிவுபடுத்தியது.

விந்தை என்னவெனில், அதற்கு முந்தைய மாதம்தான் நிதி அமைச்சகம் நடுவர் மன்ற வழியைச் சுருக்கியது. அரசுக் கொள்முதல் ஒப்பந்தங்களில் நடுவர் தீர்வு ரூ.10 கோடிக்குக் குறைவான தகராறுகளுடன் நிற்கட்டும் என்பது 2024 ஜூன் 3-ஆம் தேதிய வழிகாட்டுதல். பெரிய தொகை கோருவோருக்கு சமரசப் பேச்சும், நீண்ட நீதிமன்றப் பயணமுமே மிச்சம்.

வென்றாலும் நிம்மதி இல்லை. 2023-இல் வந்த "விவாத் சே விஸ்வாஸ்-2' திட்டத்தில், நடுவர் தீர்ப்பில் வென்றவருக்கு அத்தொகையில் 65 சதவீதம் வரையும், நீதிமன்றத் தீர்ப்பில் வென்றவருக்கு 85 சதவீதம் வரையும் தர அரசு முன்வந்தது. உரிய பணத்தை விரைவாகப் பெற, அதில் ஒரு பகுதியை விட்டுக்கொடுக்க வேண்டும் என்பதே இதன் பொருள்.

அதிகாரிகள் தரப்பிலும் ஒரு நியாயம் இருக்கிறது. ஒரு தாள் குறைந்த நிலையில் பில்லை அனுமதித்த பொறியாளர், பல ஆண்டுகள் கழித்தும் தணிக்கை ஆட்சேபத்துக்குப் பதில் சொல்ல நேரிடலாம். ஊழல் கண்காணிப்பு விசாரணையையும் சந்திக்கலாம். கோப்பைத் திருப்பி அனுப்பியவரிடம் அத்தகைய கேள்வி எழுவது அரிது. தாமதத்துக்கான வட்டியும் அவரது சம்பளத்திலிருந்து போவதில்லை. அரசு கஜானாவிலிருந்துதான் போகிறது.

எனவே, கெடுவை மேலும் குறைப்பதால் மட்டும் பயன் விளையாது. தேவையான ஆவணங்களை ஒப்பந்தத்திலேயே முழுமையாகப் பட்டியலிட வேண்டும். குறைகளை ஒரே முறையில், குறித்த நாள்களுக்குள் தெரிவிக்க வேண்டும். ஒப்புக்கொண்ட தொகையை எந்தச் சான்றுடனும் முடிச்சுப் போடாமல் வழங்க வேண்டும். இவற்றுக்குப் புதிய சட்டம் தேவையில்லை. பணத்தைத் தாமதித்ததற்கும், தவறாகக் கொடுத்ததற்குச் சமமாக விளக்கம் கேட்கப்படும் என்ற நிலை வந்தாலே போதும், பாதி கோப்புகள் நகரத் தொடங்கிவிடும்.